நூற்றொன்று

கரி என்று இதற்குப் பெயர் வைத்தவர்
மேலே வந்தபின் பார்த்தவர்.
ஆயிரம் மீட்டர் ஆழத்திலிருந்து
கயிற்றோடு உரசி உரசி ஏறி
கண் பிதுங்கி
படகுத் தளத்தில் விழுந்ததைப் பார்த்தவர்.

கீழே அது செம்பு நிறம் என்கிறார் எலெவுத்தேரியு.
பார்த்தீர்களா?
"உரசாமல் வரும் ஒன்றிரண்டு.
விளக்கடியில் ஒரு நொடி
புதுப் பாத்திரம்போல் மினுங்கும்.
பிறகு கரிதான்."

என் பெயர் சுல்மீரா.
ஃபுன்ஷால் துறைமுகத்துக்குப் பின்னால்
ஜன்னல் சரியாக மூடாத ஆய்வகத்தில்
முள்ளெண்ணுவது வேலை.

குடும்பம்: வாளை.
எங்கள் ஊரிலும் அதை வாள் என்றுதான் சொல்கிறோம், எஸ்பாடா.
பேரினம்: அஃபானோபஸ்,
கிரேக்கத்தில் காணாத கால்.
குஞ்சாக இருக்கையில் வயிற்றடியில் ஒற்றை முள்,
துடுப்பென்று சொல்லிக்கொள்ள.
வளர்ந்தால் அதுவும் போய்விடும்.
இல்லாத ஒன்றை வைத்து ஒரு பெயர்.
வேலையை விட்டவரைப்
பழைய வேலையைச் சொல்லியே கூப்பிடுவதுபோல.

எங்கள் கடலில் இனம் இரண்டு.
ஒன்று கரி. மற்றதற்குப் பெயர்
இடைப்பட்டது.
அருகருகே கிடத்தினால்
பெற்றவளே தடுமாறுவாள்;
அவளோ முட்டையை இருட்டில் விட்டுவிட்டு
திரும்பிப் பார்க்காமல் போனவள்.

முதுகெலும்பில்தான் தீர்ப்பு.
தொண்ணூற்றேழு முதல் நூறு வரை கரி.
நூற்றிரண்டு முதல் நூற்றெட்டு வரை மற்றது.
நூற்றொன்று என்று ஒருவரும் இல்லை.
பதினோரு வருடம் எண்ணியிருக்கிறேன்.
உடைந்த படிக்கட்டில் அந்த ஒரு படியை
கால் தானாகத் தாண்டுவதுபோல்
நாக்கு தாண்டப் பழகியிருந்தது.

அக்டோபர். மலையை மறைத்து மழை.
கமாரா த லோபுஷிலிருந்து வந்த பெட்டியில்
ஐந்தாவது மீன்.
பெண். முட்டை முற்றியது.
வடக்கே, ஸ்காட்லாந்துப் பக்கம், பிடிபடுபவை
எல்லாம் பூப்பெய்தாதவை.
பெரியவளாக இங்கே வந்து சேர்பவை என்கிறார்கள்;
வழியில் கண்டவர் யாரும் இல்லை.
எக்ஸ்ரே படத்தை வெளிச்சப் பெட்டியில் வைத்து
ஊசி முனையால் ஒவ்வொன்றாய்த் தொட்டு...
நூற்றொன்று.

தேநீர் குடித்துவிட்டு வந்தேன்.
வாலிலிருந்து தலைக்கு.
நூற்றொன்று.

டெல்ஃபிம் வந்தார்.
"கடைசி எலும்பை எண்ணினாயா?"
வழக்கம்போல் எண்ணினேன்.
"அதை விட்டுவிடு, நூறு."
மற்றவற்றுக்கு விடவில்லையே.
"அப்போது எங்காவது இரண்டு ஒட்டியிருக்கும்,
பிரித்து எண்ணு. நூற்றிரண்டு."
அவருக்கு மீன் எந்தப் பக்கம் போனாலும் சரி,
கட்டம் காலியாய் இருக்கக் கூடாது.

நகக்கண் அளவு தசை லிஸ்பனுக்குப் போயிற்று.
ஆறு வாரம் கழித்து ஒருவரி:
தாய்வழி, கரி.
தந்தைவழி அறிய
தனி விண்ணப்பம், தனிக் கட்டணம்.

எலெவுத்தேரியு வலை அலுவலகத்துக்கு வந்தவர் எட்டிப்பார்த்தார்.
என்ன ஆச்சு என் மீன்?
இரண்டிலும் உட்காரவில்லை என்றேன்.
"விலை ஒன்றுதானே?"
ஒன்றுதான். சந்தையில் தோலுரித்து
வாழைப்பழத்தோடு வறுத்துத் தட்டில் வைத்தபின்
எந்த வாளைக்கும் இனம் கிடையாது.
சிரித்தார்.
நனைந்த தொப்பியை மேசையில், படத்தின் மேல் வைத்தார்.
எடுக்கச் சொன்னேன்.

அடுத்த பெட்டியில்
தொண்ணூற்றெட்டு, நூற்று நான்கு, தொண்ணூற்றெட்டு.
ஒழுங்கான மீன்கள்.
அந்த ஒன்றின் கட்டத்தில் மட்டும்
பென்சிலால் எண்ணை எழுதி
இனத்தின் இடத்தை விட்டுவைத்தேன்.

இரவு குளிக்கும்போது
கழுத்துக்குப் பின்னால் விரல் வைத்து
என் முதுகை எண்ணத் தொடங்கினேன்.
மேலிருந்து ஐந்து. கீழிருந்து ஆறு.
நடுவில் கை எட்டவில்லை.
வெந்நீர் தீர்ந்தது.