இருபத்தைந்து சதம்

ஹோப் பஸ் நிலையத்தில் ஏறினார்.
மடியில் சாப்பாட்டுப் பெட்டி, தலையில் மீன்பிடிகாரர் தொப்பி.
பெயர் ஹமானோ என்றார்.
கண்ணாடியில் தொங்கிய என் பெயரை உரக்க வாசித்தார்,
சிவ. கடாட். சம்.
மூன்று துண்டாக உடைத்து.

பிரின்ஸ்டன் பக்கம் போ. சொல்லும்போது நிறுத்து.

தூறல். மீற்றர் ஓடியது.
லொறிகள் முந்திக்கொண்டு கண்ணாடியில் சேறடித்தன.
பத்தொன்பது வயதில் இந்தத் தெருவைப் போட்டோம் என்றார்,
மழை பெய்கிறது என்று சொல்கிற குரலில்.
யப்பான் முகம் கடற்கரையில் இருக்கக்கூடாதென்று
வள்ளத்தைப் பறித்து மலைக்கு ஏற்றிய வருஷம்.
மண்வெட்டி, தள்ளுவண்டி, வெடிமருந்து.
மணிக்கு இருபத்தைந்து சதம்,
அதிலும் சாப்பாட்டுக் காசு கழிவு.

ஓரத்தில் ஓர் அறிவிப்புப் பலகை வந்தது.
நிறுத்தவா?
வேண்டாம், அதை நான் எழுதவில்லை.

ஒரு வளைவில் கையைத் தூக்கினார்.
இறங்கிச் சரிவில் நடந்து
பாசி ஏறிய கல்லணையைச்
சப்பாத்து நுனியால் மூன்று தரம் உதைத்தார்.
அசையவில்லை.
நாசமாய்ப் போனது, இன்னும் நிற்கிறது என்றார்.
திருப்தியா கோபமா, பிடிபடவில்லை.

பிறகு திரும்பி என்னைப் பார்த்து
ஒன்றுக்குப் போகலாமா என்று கேட்டார்.

சுற்றிவரக் காடு.
கேட்பதற்கென்று ஒருவருமில்லாத இடம்.
கேட்ட பிறகுதான் அவருக்கும் விளங்கியது.
காதுமடல் சிவந்தது.

பூசாவில் பதினாலு மாதம் இருந்தவன் நான்.
இங்கே வந்து ஏழு வருஷமாகியும்
சொந்த வீட்டுக் கக்கூஸ் வாசலில் ஒரு கணம் நிற்கிறவன்.
பரிமளகாந்தி சிரிப்பாள்:
ஆரிட்டைக் கேக்கிறியள்?

போங்கோ என்றேன், தமிழில்.
போனார்.
பத்தடி தள்ளி நானும்.
முதுகும் முதுகுமாக,
நெடுநேரம்.

ஹோப்புக்குத் திரும்பியபோது அறுபத்திரண்டு டொலர்.
பாதி போதும் என்றேன்; முறைத்தார்.
ரசீதின் பின்பக்கம் பென்சிலால் வகுத்தார்:
இருநூற்று நாற்பத்தெட்டு மணித்தியாலம்.
நாளுக்கு எட்டென்றால் முப்பத்தொரு நாள்.
ஒரு மாதம் கல்லுடைத்தால்
ஒரு தரம் வந்து பார்த்துவிட்டுப் போகலாம்,
சாப்பாட்டைக் கழிக்காவிட்டால்.
சிரித்தபோது பல்லுக்கட்டு நழுவியது, தள்ளி வைத்துக்கொண்டார்.

காசை எண்ணித் தந்தபிறகு
மான் தலை போட்ட ஒற்றை நாணயத்தை
என் உள்ளங்கையில் தனியாக வைத்து அழுத்தினார்.
உன் ஒரு மணிக்கு, என்றார்.

வைத்திருக்கத்தான் நினைத்தேன்.
அன்றிரவு உடுப்புக் காயவிடும் மெஷினுக்குச் சில்லறை குறைந்தது.
போட்டேன்.
ஆறு நிமிஷம் சுழன்றது.