கட்டில் கால்

எங்கள் கட்டிலுக்கு நான்கு கால்.
தலைமாட்டில் இரண்டு மரம்,
கால்மாட்டில் இரண்டு கவிதை.

இரண்டாயிரத்து ஐந்தில்
மித்தி ஆறு தாராவிக்குள் ஏறி வந்து
மூன்று நாள் தங்கிப் போனபின்
உளுத்த கால்களை அறுத்தெறிந்துவிட்டு
விற்காத கட்டுகளை முட்டுக்கொடுத்தேன்.
'தற்காலிகமாத்தான்' என்றேன் ஸ்டெல்லாவிடம்.
பதிப்பகமும் அப்படிச் சொல்லித்தான் தொடங்கியது.

பகலில் ஒரு ரசாயனக் கம்பெனிக்கு
ஒரு பைசா தப்பாமல் வரவு செலவு எழுதுகிறேன்.
இரவில் என் கணக்கு வேறு.
முந்நூறு பிரதி அச்சு.
நாற்பது நண்பர்களுக்கு,
பதினொன்று மதிப்புரைக்கு,
ஒன்று, கேட்டு வாங்கிப்போய்
ரயிலில் மறந்துவிட்ட கவிஞரின் மைத்துனருக்கு.
கொஞ்சம் விற்கும்.
மீதி ஸ்டெல்லாவின் காலடிக்கு.

ஒருமுறை நூலக ஆணை வந்தது.
இடதுபக்கம் மூன்று கட்டு உருவினேன்.
அன்றிரவு சாய்ந்த கட்டிலில்
அவள் என்மேல் உருண்டு வந்து
'நல்லா விக்குது போல' என்றாள்.
எங்கள் வியாபாரத்தின் உச்சம் அதுதான்.

பரமார்த்தலிங்கம் இரண்டு நூலுக்குப் பிறகு
சென்னைப் பதிப்பகத்துக்குப் போனார்.
கெட்டி அட்டை, விருது, மேடை.
அவர் நன்றி சொன்ன பட்டியலில்
பல் மருத்துவர்கூட இருந்தார்.
எனக்கு வருத்தமில்லை என்று
நான்கு பேரிடம் சொன்னேன்.
நால்வரும் கேட்கவே இல்லை.

போன ஆடியில், அம்பர்நாத்திலிருந்து ஒரு குரல்.
செண்பகவல்லி. ஆஸ்பத்திரியில் இரவு நர்ஸ்.
'முப்பத்து மூணுக்கு அப்புறம் விட்டு விட்டு
வெள்ளைப் பக்கமா வருது சார். அது அப்படித்தானா?
புதுக்கவிதைன்னா எனக்குச் சரியாத் தெரியல.'

அப்படியில்லை.
அச்சகத்துக் காம்ப்ளேவுக்குத் தமிழ் தெரியாது,
பக்க எண்ணைப் பார்த்துத்தான் அடுக்குவார்.
ஏதோ ஒரு தாள்
ஒரு முகத்துக்கு மட்டும் மை பூசிக்கொண்டு
மறுமுகம் கழுவாமலே வந்திருக்கிறது.
பதினாறில் எட்டு காலி.

ஞாயிற்றுக்கிழமை நல்ல பிரதி ஒன்றோடு
மழையில் போனேன்.
கதவைத் திறந்தவள் கையில் அந்தப் பிரதி.
எட்டுப் பக்கத்தில் ஐந்தை நிரப்பியிருந்தாள்,
காய்ச்சல் அட்டையில் எழுதும் அதே நீல மையில்.
'முன்பக்கத்துல ஒரு வரி பாதியில நிக்குது.
பார்த்துக்கிட்டுச் சும்மா இருக்க முடியல சார்.'
அப்புறம் குரல் தாழ்த்தி,
'இதை வாங்கிட்டுப் போயிருவீங்களா?'

ஒரு வாரம் என்று கெஞ்சி வாங்கினேன்.
புதுப்பிரதியை அவள் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை.

*மூன்றாம் எண் கட்டில் காலியாயிற்று.
விரிப்பை மாற்றினேன்.
தலையணையில் இருந்த பள்ளத்தை
மாற்ற எனக்கு உத்தரவில்லை.*

குர்லா வரை நினைவிருக்கிறது.
சயானில் இறங்க வேண்டியவன்
தாதரில் தள்ளிவிடப்பட்டு நின்றேன்.
என் கவிஞர் எங்கே முடிகிறார்,
இவள் எங்கே தொடங்குகிறாள் என்பதை
மையின் நிறம் மட்டும்தான் சொன்னது.
இல்லை, அது பொய்.
அவள் தொடங்கும் இடம்
நன்றாகவே தெரிந்தது.

வீட்டில் ஸ்டெல்லா
ஈரத்தலையோடு உட்கார்ந்து ஐந்து பக்கத்தையும் படித்தாள்.
இத்தனை வருடம் என் நூல்களின்மேல் படுத்தவள்,
ஒன்றையும் பிரித்ததில்லை.
'மிச்சம் மூணு பக்கம்?'
'எழுதுவாங்க.'
'எத்தனை பிரதி?'
'முந்நூறு.'

எழுந்து போய்
தலைமாட்டுக் காலை முழம்போட்டு அளந்தாள்.
'அப்போ இதையும் அறுக்கணும்.
ரம்பம் எங்க வச்சீங்க?'