மூன்றாவது அடியில் ஒரு "ம்"

பிளாவ்திவில் செவ்வாய் மாலை ஆறரை.
ஹீட்டர் உண்டு, பணம் கட்டவில்லை.
கோட்டைக் கழற்றாமலே வரிசையில் நிற்கிறோம்
இருபத்துமூன்று பேர்.
அதில் யூதர்கள் ஏழு.
மற்றவர்கள் என்னைப்போல:
பேருந்து நிலையத்தில் டிக்கெட் கொடுப்பவள்,
கீழ்ச்சுருதியில் காலோயன், இறைச்சி வெட்டுபவன்,
வகுப்புக்குப் போகாத இரண்டு மாணவர்கள்.
லடினோவில் எனக்குப் பதினான்கு பாட்டு தெரியும்.
ஒரு கிலோ தக்காளி கேட்கத் தெரியாது.

இது ஒலிநாடாவிலிருந்து எடுத்த பாட்டு.
அறுபத்தாறில், புகையிலைக் கிடங்குப் பொறியாளர் ஒருவர்
புது இயந்திரம் ஓடுகிறதா என்று பார்க்க
பக்கத்து வீட்டு எஸ்த்ரேயா பனிஜெல் பாடியதைப் பிடித்துவைத்தார்.

கப்பலேறிப் போகிறவனே, உன் பையில்
ரொட்டி வைத்தேன்,
அத்தி வைத்தேன்,
ம்... வைத்தேன்.

அந்த "ம்".
உதடு மூடி, இரண்டு எண்ணிக்கை.
ரூமியானா அதன்மேல் பென்சிலால் சின்னக் கூரை போட்டாள்.
பதினோரு வருடம் அதன் கீழ் ஒதுங்கினோம்.
ஒருமுறை காலோயன் ஒன்றரையில் நிறுத்திவிட
அன்று எல்லோரும் வீடு திரும்ப ஒன்பது.
நிகழ்ச்சித் தாளில் மிலென்கா எழுதினாள்:
"சொல்லில் அடங்காத பிரிவின் மௌனம்."
சோஃபியாவில் ஒரு பெண்மணி அந்த இடத்தில் அழுதார்.
நானும்தான், உண்மையைச் சொன்னால், இரண்டு முறை.

மார்ச்சில் வந்தார் பெரேட்ஸ் ஜல்தெத்தி.
தொண்ணூறில் யாப்பாவுக்குப் போனவர்,
இங்கே பல் கட்ட மலிவென்று வந்திருந்தார்.
பாதி மரத்த வாயோடு கடைசி நாற்காலியில் உட்கார்ந்து கேட்டார்.
கை தட்டவில்லை.
"அது கிளிப்" என்றார்.
எது?
"துணிக்கு மாட்டுற மரக் கிளிப்.
போர்வையைக் கொடியில் இழுத்துப் போட ரெண்டு கையும் வேணும்.
அப்போ கிளிப் வாயில் இருக்கும்.
கூடையோடு கீழே நின்றவன் நான்தான்.
எட்டு வயசு. காலெல்லாம் தண்ணி."

அப்படியானால் அங்கே என்ன சொல்?
அவருக்கு நாக்கு புரளவில்லை. மறுபடி முயன்றார்.
உப்பு.

உப்பு!
பதினோரு வருடம்
உப்பில்லாமல் பரிமாறியிருக்கிறோம்.
அதையும் ஆகா என்று சாப்பிட்டிருக்கிறார்கள்.

மிலென்கா சிகரெட்டுக்கு என்று வெளியே போனாள்.
அவள் புகைப்பதில்லை.
சொல் கிடைத்த பிறகும் முனகுவது பொய் என்றது முன்வரிசை.
கிளிப்பும் பாட்டில் சேர்த்தி என்றான் காலோயன்,
அது இல்லாவிட்டால் போர்வை மரீட்ஸா ஆற்றில் போயிருக்கும்.
வாக்கெடுப்பு. உப்புக்குப் பதினான்கு, கிளிப்புக்கு ஏழு,
மிலென்கா வாசலில், ஒருவர் கழிவறையில்.
ரூமியானா கூரையை அழித்தாள், அழித்தாள்,
தாள் மெலிந்து பின்னால் இருந்த விளக்கு தெரிந்தது.

மே மாதம், ஜெப ஆலயத்து முற்றம்.
நான் உப்புக்குக் கைதூக்கியவள்.
ரொட்டி வைத்தேன்.
அத்தி வைத்தேன்.
மூச்சு எடுத்தாயிற்று, சொல் நாக்கு நுனியில்.
பின்னால் யாரோ அதைச் சரியாகவே பாடினார்கள்.
என் பற்களுக்கிடையில்
ஈர மரம்.