பதினோரு கற்கள்

கெலவரப்பள்ளியில் ஐந்து மதகு திறந்தார்கள் என்று
சேதி வருமுன்னே வந்துவிட்டது வாடை,
சோப்பையும் சாக்கடையையும்
ஒரே குடத்தில் கலக்கியது போல.

தரைப்பாலத்துக்கு இந்தப் பக்கம் நான்,
எக்ஸெல் வண்டியில் நாற்பது லிட்டர் பால்.
அந்தப் பக்கம் ஓசூர் சாலை, குளிர்பதன நிலையம்;
எட்டரைக்கு மேல் கேனை வாங்க மாட்டார்கள்.
நடுவில், ஆறு இருக்க வேண்டிய இடத்தில்
ஆளுயர நுரை.

வெள்ளம் செம்மண் நிறத்தில் வரும்,
மரம் வரும், பாம்பு வரும், கூரை வரும்
என்றுதான் பள்ளியில் கட்டுரை எழுதினோம்.
தென்பெண்ணை எங்களுக்குக் கொண்டுவருவது
யார் யாரோ துவைத்த அழுக்கை,
துவைத்த வெண்மையோடு.

காற்றடித்தால் பிய்ந்து பறக்கிறது.
ஒரு துண்டு மின்கம்பியில் தொங்குகிறது.
ஒரு துண்டு சென்னவீரப்பாவின் தக்காளித் தோட்டத்தில்
விருந்தாளி மாதிரி மெதுவாக இறங்குகிறது.
நாளைக்கு இலை ஓரமெல்லாம் தீய்ந்திருக்கும்,
பெட்டி எழுநூறு போகிற நேரம் பார்த்து.

காரில் வந்தவர்கள் படமெடுக்கிறார்கள்.
"மேகம் கீழே விழுந்துடுச்சு" என்றது ஒரு குழந்தை.
அதன் மேல் எனக்குக் கோபமில்லை.

தீயணைப்பு வண்டி வந்து பீய்ச்சுகிறது
வெள்ளத்தின் மேல் தண்ணீர்.
நுரை குனிகிறது,
குழாயை நிறுத்தியதும்
விட்ட இடத்திலிருந்து வளர்கிறது.

பாலத்தின் இரு பக்கமும் பதினோரு காவல் கற்கள்.
கீழ்ப்பக்கத்து எட்டாவது
போன ஐப்பசியில் அடித்துக்கொண்டு போனது.
அந்த இடைவெளியில்தான்
மாதேவம்மாவின் மருமகன் வண்டியோடு இறங்கினான்.
வண்டி மூன்றாம் நாள் மணலில் கிடைத்தது.
கூப்பிட்டுத்தான் இருப்பான்.
நுரை சத்தத்தையும் மூடும்.

எட்டு மணிக்குக் கேனைக் கரையில் விட்டுவிட்டு
வழி இருக்கிறதா பார்க்க இறங்கினேன்,
மூங்கில் கழியால் தட்டித் தட்டி,
மேல்பக்கக் கற்களை எண்ணியபடி.
நாலு. ஐந்து. கண் எரிந்தது.
ஆறு. முட்டிக்கு மேல் இழுப்பு.
ஏழு.
அப்புறம் கழிக்கு ஒன்றும் தட்டுப்படவில்லை.

மேல்பக்கம் என்றுதான் நினைத்திருந்தேன்.

கால் நின்றது; நான் நிறுத்தவில்லை.
வந்த எண்ணிக்கையைப் பின்னாலிருந்து சொல்லிக்கொண்டே
திரும்பினேன்.
மதியத்துக்குள் பால் திரிந்தது.

வீட்டில் சட்டையை முகர்ந்த ரத்னம்மா
எதுவும் கேட்கவில்லை.
பத்து ரூபாய்ப் பாக்கெட்டைப் பல்லால் கிழித்து
பக்கெட்டில் கொட்டிக் கலக்கினாள், பொங்கப் பொங்க.
அலசிய தண்ணீர்
ரோஜாப் பாத்தியைச் சுற்றிக்கொண்டு
சரிவு எந்தப் பக்கமோ
அந்தப் பக்கம் போயிற்று.