பதினொன்று பத்துக்கு நின்றது

ஜாலஹள்ளி தாண்டி உலர்குப்பைக் கொட்டகையில்
என் இயந்திரக் கை வேலைக்குச் சேர்ந்து இது ஒன்பதாம் நாள்.
ஊசி, பிளேடு, உடைந்த பல்பு –
இவை மூன்றையும்தான் எடுக்கப் பழக்கியிருக்கிறேன்.
மற்றதெல்லாம் ஹனுமக்காவின் விரல்களுக்குத் தெரியும்;
பால் கவர் எது, எண்ணெய்க் கவர் எது என்று
பேச்சை நிறுத்தாமலே பிரிப்பவை.

பணம் போட வந்தவர்
கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டு கேட்டார்:
"இது எத்தனை பேரைக் குறைக்கும்?"
தையல்களைக் குறைக்கும் என்றேன்.
போன வருடம் இந்த ஒரு மேசையில் மட்டும் பதினான்கு.
அவர் அதைக் குறித்துக்கொள்ளவில்லை.

நிறுத்தும் பொத்தானை முதலில்
என் மடிக்கணினியில்தான் வைத்திருந்தேன்.
இரண்டாம் நாள் ஹனுமக்கா, தன் கன்னடத் தமிழில்,
"இது என் கைமேல வந்தா
உன்னைத் தேடி ஓடணுமா?" என்றாள்.
அன்றிரவே துளை போட்டு அவள் பக்கம் மாட்டினேன்,
முழங்கையால் இடித்தாலும் நிற்கும்படி,
ஊத்தப்பம் அளவில், சிவப்பாக.

பெல்ட் நிறைந்து ஓடியது.
அவர் பார்க்க வந்த வேகம் அது;
ஃபோனை நீட்டிப் படம் எடுத்தார்.
பதினொன்று பத்து.
பாதி பல்பைக் கவ்வியபடி
கை அந்தரத்தில் நின்றது.

"கோளாறா?"

ஹனுமக்கா ஒவ்வொரு விரலாகக்
கையுறையைக் கழற்றிக்கொண்டிருந்தாள்.
"டீ," என்றாள்.

அறிக்கையில் எழுதினேன்:
பதினொன்று பத்துக்கு நின்றது. நன்றாக வேலை செய்கிறது.
கல்லூரி மேடைகளில் நாற்பது படங்கள் காட்டியும்
இவ்வளவு சுருக்கமாய்ச் சொல்ல எனக்கு வந்ததில்லை.

அவரும் ஒரு டம்ளர் வாங்கிக்கொண்டார், சர்க்கரை குறைவாக.
கை காத்திருந்தது.
மீந்த கண்ணாடியின் விளிம்பில்
தகரக் கூரை ஓட்டை வழியாக வெயில்.