மிச்சம் ஒன்று

முகமாலையில் ஆறு வருடம்
மண்ணை விரலால் வாசித்தவள் நான்.
முழங்காலில் ஊர்ந்து, வெயிலில்,
முகக்கவசத்துக்குள் என் மூச்சே என்னைப் புழுக்க,
ஒரு பகலுக்கு ஒரு பாய் விரிக்கிற இடம்.
ஒன்று தட்டுப்பட்டால் விசில்.
எல்லோரும் அப்படியே நிற்போம்.
சிவப்புக் கட்டை. மண்டையோட்டுப் பலகை.
மூன்று மொழியில் அபாயம்.

புதைத்தவனை அப்போதெல்லாம் திட்டுவேன்.
எந்தப் பக்கத்துக்காரன் என்று பார்த்துத் திட்டியதில்லை.
தான் போன பிறகும்
யாரோ ஒருவரின் காலுக்காகக் காத்திருக்கிற ஒன்றை
விட்டுப் போக
எப்படி மனம் வந்தது என்றுதான்.

இப்போது முத்தையன்கட்டில்
முக்கால் ஏக்கர் கச்சான்.
போன மாதம் பன்றிகள் ஒரே இரவில்
பாதியை உழுதுவிட்டுப் போயின.
லீசிங்காரன் பன்றியிடம் போகமாட்டான்.

ஐந்து வெடி வாங்கினேன்.
விற்றவன் பெயரைக் கேட்கவில்லை, அவனும் கேட்கவில்லை.
பூசணிக்குள் வைத்து
சதையால் மூடி
பனி விழ முன்னம் வரம்போரம் வைத்து முடித்தேன்.
கை நடுங்கவில்லை.
கை பழகியிருந்தது.

விடிய, வாய்க்கால் கரையில்
சாந்தரூபியின் செவலை நாகு நின்றது.
நாக்கு இருந்தது.
அதைத் தாங்க ஒன்றும் இல்லை.
தண்ணீருக்குக் குனியும்.
போன தண்ணீர் சிவந்து திரும்பி வரும்.
மறுபடி குனியும்.

ஒட்டுசுட்டானிலிருந்து மிருக வைத்தியர்
மோட்டார் சைக்கிளில் வந்தார்.
பார்த்தார். பையைத் திறக்காமல் கொஞ்ச நேரம் நின்றார்.
"இதுக்கு இனிப் பசிக்கும். அவ்வளவுதான்."
பிறகுதான் ஊசியை எடுத்தார்.

"ஆர் வைச்சது?" என்றாள் சாந்தரூபி,
செவலையின் காதைப் பிடித்தபடி.
"பன்றிக்கு வைச்சிருப்பினம்" என்றார் யாரோ.
பன்றிக்கென்றால் சரி என்பதுபோல
எல்லோரும் தலையை ஆட்டினார்கள்.
நானும் ஆட்டினேன்.

பன்றிக்கும்
தாடை அதே இடத்தில்தான் இருக்கிறது.

கொம்பனியிடம் எல்லாம் திருப்பிக் கொடுத்தாயிற்று,
இரண்டு முழங்கால் பட்டை தவிர.
அன்றிரவு அதைக் கட்டிக்கொண்டு
ரோச் வெளிச்சத்தில் என் தோட்டத்துக்குள் ஊர்ந்தேன்.
இரண்டடி அகல ஒழுங்கை, பிறகு அடுத்தது.
முதல் துண்டை எறும்பு மொய்த்திருந்தது.
இரண்டாவதும் மூன்றாவதும் வைத்த இடத்தில் வைத்தபடி.
நாலாவது இல்லை.

இருந்த இடத்தில் ஈரம்.
பக்கத்தில் ஒரு பெரிய குளம்பு,
அதன் பின்னால் குட்டிக் குளம்புகள்,
எண்ணத் தொடங்கி விட்டுவிட்டேன்,
காடு வரைக்கும்.
விசில் ஊத வாய் தானாகக் குவிந்தது.
யாரை நிறுத்த?

விடியும்வரை காதைக் காட்டுக்குக் கொடுத்திருந்தேன்.
சத்தம் ஒன்றும் இல்லை.
இன்னும் இல்லை.
இந்த 'இன்னும்' எனக்குத் தெரிந்தது,
ஆறு வருடச் சம்பளம் அதற்குத்தான் வாங்கினேன்.

காலையில் தகரத் துண்டொன்றை வெட்டி
சிவப்புப் பெயின்ரில் எழுதினேன்:
அபாயம். இன்னும் ஒன்று இருக்கிறது.
வைத்தது நான்.
கீழே என் பெயர்.
படலைக்கு வெளியே, தெருவைப் பார்க்க நட்டேன்.

பன்றிக்கு வாசிக்கத் தெரியாது.
சாந்தரூபிக்குத் தெரியும்.