இரண்டே முக்கால்

க்ளீவ்லண்ட் நூலகத்தின் நிலவறையில்
'ஈவினிங் பீக்கன்' மொத்தமும்
நானூற்றுப் பன்னிரண்டு பிலிம் சுருள்.
தேடி எடுத்து மாட்டுவது என் வேலை.

இரண்டே முக்காலுக்கு அச்சு ஓடும்.
ஆகவே அந்தப் பத்திரிகையில் இரவே கிடையாது.
காலையில் பிடித்த தீ எரிந்துகொண்டே இருக்கிறது.
ஜூரிகள் இன்னும் உள்ளே.
பேஸ்பால் ஆட்டம் ஐந்தாம் இன்னிங்ஸோடு நிற்க
மீதிக்கு வெறும் கட்டங்கள்.

மூன்றரைக்கு எஃகு ஆலை விடும்.
டிராமில் இடம் பிடித்தவன்
மடியில் விரித்தான் அதை.
பிறகு அவனே கார் வாங்கினான்;
இரண்டு கையும் ஸ்டியரிங்குக்குப் போயின.
வீட்டில் ஆறு மணிக்கு டிவி காத்திருந்தது.
பத்திரிகை லாரியோ
அந்தக் கார்களுக்குப் பின்னால் ஹாரன் அடித்தபடி.

கடைசி இதழின் தலையங்கம் சுமார்தான்.
மன்னிப்பு மாதிரி ஏதோ,
பக்கத்திலேயே மெத்தைக்கடை விளம்பரம், பாதி விலை.

நேற்று ஸோஃப்கா ஹ்ரோவட் வந்தார்.
கையுறையைக் கழற்றவில்லை.
ஐம்பத்து மூன்று, மார்ச், பதினொன்று என்றார்.
சுழற்றினேன்.
ஏழாம் பக்கம், அடியில், நாலு வரி:
ஆற்றுப் பனி உடைந்து விழுந்த யோஷ்கோ, வயது ஒன்பது,
தேடுகிறார்கள். படகுகள் இரண்டு.

மறுநாள் காலைப் பத்திரிகை
வேறு பெட்டியில் இருக்கிறது,
எடுக்கட்டுமா என்றேன்.
கேட்டிருக்கக் கூடாது.

வேண்டாம். இதுவே இரண்டு பிரதி.

மெஷின் சூடாகும்வரை இருவரும் பேசவில்லை.
கையுறையோடே சில்லறை எண்ணி வைத்தார்.
ஒரு நாணயம் கூடுதல்.
திருப்பிக் கொடுக்க நிமிர்ந்தபோது
படியேறியிருந்தார்.